மகள் ஐரோப்பிய ஒன்றியச் சட்டம் படிக்கணும் என்கிறாள்: ஓர் அப்பாவின் கேள்விக்கு என் பதில்

வணக்கம் சார். மகள் பிஏ எல்எல்பி நான்காம் ஆண்டு, முடித்த கையோடு ஐரோப்பிய ஒன்றியச் சட்டத்தில் எல்எல்எம் படிக்கப் போகிறேன் என்கிறாள், வீட்டுப் பத்திரத்தை வைத்துக் கடன் வாங்கி அனுப்பினால் திரும்பி வந்து எந்தக் கோர்ட்டில் நிற்பாள் என்று கேட்டிருந்தீர்கள். நேராகவே சொல்லிவிடுகிறேன். அந்தப் பட்டத்தை மட்டும் வைத்துக்கொண்டு இங்கேயும் எந்தக் கோர்ட்டிலும் நிற்க முடியாது, அங்கேயும் முடியாது. அதற்காக வேண்டவே வேண்டாம் என்று அவளிடம் சொல்லிவிடாதீர்கள். ஏதாவது ஒரு நாட்டின் சட்டத்தில் ஏற்கெனவே காலை ஊன்றியவர்களுக்கு இது பெரிய பலம் தரும் படிப்பு. ஊன்றாமல் போகிறவர்களுக்குப் பெரும்பாலும் கடன்தான் மிஞ்சுகிறது.

முதலில், அவளை எது இழுக்கிறது என்று உங்களுக்குப் புரிய வேண்டும், இல்லாவிட்டால் வீட்டில் இந்தப் பேச்சு சண்டையில்தான் முடியும். 27 நாடுகள், ஒவ்வொன்றுக்கும் தனி நாடாளுமன்றம், தனி உச்ச நீதிமன்றம். அதற்கு மேல் எல்லோருக்கும் பொதுவாக ஒரு சட்டம், அதை விளக்க லக்சம்பர்க்கில் ஒரு நீதிமன்றம். வழக்கமான நாட்டுக்கு நாடு ஒப்பந்தம் என்றால் அது அரசுகளுக்கு இடையிலான விவகாரம், உங்களுக்கும் எனக்கும் அதில் பேச இடமில்லை. இங்கே அப்படி இல்லை. நெதர்லாந்தில் வான் கெண்ட் என் லோஸ் என்ற சரக்குப் போக்குவரத்து நிறுவனம் மேற்கு ஜெர்மனியிலிருந்து ஒரு வேதிப்பொருளை இறக்குமதி செய்தபோது, 3 சதவீதமாக இருந்திருக்க வேண்டிய சுங்க வரிக்கு 8 சதவீதம் கேட்டார்கள். உறுப்பு நாடுகள் தங்களுக்குள் வரியை உயர்த்தக் கூடாது என்று 1957 ரோம் ஒப்பந்தத்தில் இருக்கிறதே என்று அந்த நிறுவனம் வழக்குப் போட்டது. 1963-ல் லக்சம்பர்க் நீதிமன்றம், ஆமாம், தனி மனிதரும் நிறுவனமும் ஒப்பந்தத்தைக் காட்டித் தங்கள் நாட்டுக் கோர்ட்டிலேயே உரிமை கேட்கலாம் என்றது. அடுத்த ஆண்டு தீர்ப்பான வழக்கு இத்தாலியிலிருந்து வந்தது. அங்கே ஃப்ளாமினியோ கோஸ்தா என்ற வழக்கறிஞர், மின்சாரத்தை அரசுடைமையாக்கியதை எதிர்த்து இரண்டாயிரம் லீராவுக்கும் குறைவான கரண்ட் பில்லைக் கட்ட மறுத்தார். அந்தச் சின்ன பில்லில் தொடங்கிய வழக்கில்தான், உறுப்பு நாடு பின்னால் இயற்றும் சட்டம்கூட ஒன்றியச் சட்டத்தை மீற முடியாது என்ற கோட்பாடு வந்தது. ஒப்பந்தத்தில் அப்படி ஒரு வரி கிடையாது, நீதிபதிகள் வகுத்தது. சட்டம் படிக்கிற பிள்ளைக்கு இதைப் படிக்கும்போது ஒரு சிலிர்ப்பு வராவிட்டால்தான் நான் கவலைப்படுவேன்.

மாணவர்களிடம் நான் தவறாமல் சொல்லும் இன்னொரு வழக்கு மாக்ஸ் ஷ்ரெம்ஸுடையது. வியன்னாவில் சட்டம் படித்துக்கொண்டிருந்த காலத்திலேயே ஃபேஸ்புக் தன் தகவல்களை என்ன செய்கிறது என்று கேட்கத் தொடங்கியவர். ஃபேஸ்புக்கின் ஐரோப்பியத் தலைமையகம் அயர்லாந்தில் இருந்ததால் அங்குள்ள தரவுப் பாதுகாப்பு ஆணையரிடம் புகார் கொடுத்தார். அது லக்சம்பர்க் வரை போய், ஐரோப்பாவிலிருந்து அமெரிக்காவுக்குத் தகவல்களை அனுப்ப வைத்திருந்த சேஃப் ஹார்பர் ஏற்பாடே 2015-ல் செல்லாது என்றாகிவிட்டது. அதற்குப் பதிலாகக் கொண்டுவந்த பிரைவசி ஷீல்டும் 2020-ல் விழுந்தது.

சரி, இதெல்லாம் அவர்கள் ஊர்க் கதை, நமக்கு என்ன என்பீர்கள். இங்கேதான் நிறையப் பெற்றோர் கவனிக்காத ஒன்று இருக்கிறது. ஐரோப்பிய ஒன்றியத்தின் சட்டம் அதன் எல்லையோடு நிற்பதில்லை, அந்தச் சந்தையில் விற்க நினைக்கும் எல்லோரையும் தொடுகிறது. ஆம்பூரிலும் ராணிப்பேட்டையிலும் தோல் பொருள் ஏற்றுமதி செய்பவர்களைக் கேட்டுப் பாருங்கள். உடலில் படும் தோல் பொருளில் குரோமியம்-6 என்ற வேதிப்பொருள் ஒரு கிலோவுக்கு 3 மில்லிகிராமைத் தொட்டாலே அங்கே விற்க முடியாது என்பது 2015 மே மாதத்திலிருந்து சட்டம், ரீச் என்ற 2006-ஆம் ஆண்டு வேதிப்பொருள் ரெகுலேஷனின் பின்னிணைப்பில் இருக்கிறது. திருப்பூர்க்காரர்களுக்குத் தலைவலி தரும் அசோ சாயக் கட்டுப்பாடும் அதே பின்னிணைப்பில்தான். இரும்பு, சிமெண்ட், அலுமினியம் அனுப்புகிறவர்களை 2026 ஜனவரியிலிருந்து கார்பன் எல்லை வரி (தயாரிப்பில் வெளியாகும் கரியமில வாயுவுக்கான கட்டணம்) தொடுகிறது. ஐடி கம்பெனி ஐரோப்பியர்களின் தகவலைக் கையாண்டால் ஜிடிபிஆர் என்ற தரவுப் பாதுகாப்புச் சட்டம். 2018 மே 25 முதல் நடைமுறையில் இருக்கும் இந்தச் சட்டத்தில் அபராதம் 2 கோடி யூரோ, அல்லது உலகளாவிய ஆண்டு விற்றுமுதலில் 4 சதவீதம், இரண்டில் எது அதிகமோ அதுவரை போகலாம். இலங்கையில் ஆடைத் தொழிற்சாலையில் வேலை பார்க்கும் பெண்களுக்கு ஜிஎஸ்பி பிளஸ் என்ற பெயர் தெரிந்திருக்கும். மனித உரிமை உடன்படிக்கைகளைச் சரியாக நிறைவேற்றவில்லை என்று 2010-ல் அந்த வரிச் சலுகையை நிறுத்தியதும், 2017-ல் திரும்பக் கொடுத்ததும் இந்த ஒன்றியம்தான்.

அப்புறம், நம் நாட்டுச் சட்டத்துக்குள்ளேயே அதன் சாயல் இருக்கிறது. சந்தை ஆதிக்கத்தைத் தவறாகப் பயன்படுத்துவதைத் தடுக்கும் 2002-ஆம் ஆண்டுப் போட்டிச் சட்டத்தின் 4-ஆம் பிரிவை ஐரோப்பிய ஒன்றியச் செயல்பாட்டு ஒப்பந்தத்தின் 102-ஆம் பிரிவோடு பக்கத்தில் வைத்துப் படித்தால் உங்களுக்கே தெரியும். ஆண்ட்ராய்டு விஷயத்தில் ஒன்றியத்தின் நிர்வாக அமைப்பான ஐரோப்பிய ஆணையம் கூகுளுக்கு 434 கோடி யூரோ அபராதம் போட்டது 2018-ல். இந்தியப் போட்டி ஆணையம் 1,337.76 கோடி ரூபாய் போட்டது 2022-ல். டெல்லியில் போட்டிச் சட்ட வழக்குகளைப் பார்க்கும் அலுவலகங்களில் ஐரோப்பியத் தீர்ப்புகளைச் சரளமாகப் படிக்கத் தெரிந்த ஜூனியருக்கு மதிப்பு உண்டு. உங்கள் மகளுக்கு உண்மையான வாய்ப்பு இந்தப் பக்கம்தான்: போட்டிச் சட்டம், தரவுப் பாதுகாப்பு, ஏற்றுமதி நிறுவனங்களின் கம்ப்ளையன்ஸ் (விதிகளைச் சரியாகக் கடைப்பிடிக்க வைக்கும் வேலை), வர்த்தகச் சட்டம்.

இனி திறக்காத கதவுகள். ஏஜென்சிகள் இதைச் சொல்ல மாட்டார்கள், அதனால் நான் கொஞ்சம் அழுத்தியே சொல்கிறேன். லக்சம்பர்க் நீதிமன்றத்தில் ஒரு கட்சிக்காரருக்காக ஆஜராக வேண்டுமானால், ஏதாவது ஓர் உறுப்பு நாட்டில், அல்லது நார்வே போன்ற ஐரோப்பியப் பொருளாதாரப் பகுதி நாட்டில், வழக்கறிஞராகத் தொழில் செய்யும் தகுதி இருக்க வேண்டும். ஓராண்டு எல்எல்எம் அந்தத் தகுதியைத் தராது. ஆணையத்திலும் நீதிமன்றத்திலும் நிரந்தர அதிகாரியாகச் சேர எப்சோ என்ற அலுவலகம் நடத்தும் தேர்வுக்கு உறுப்பு நாட்டின் குடியுரிமை வேண்டும், கூடவே ஒன்றியத்தின் 24 ஆட்சி மொழிகளில் குறைந்தது இரண்டு தெரிய வேண்டும். ஒரு நாட்டில் வழக்கறிஞரானவர் இன்னொரு நாட்டுக்குப் போய் அதே தகுதியோடு தொழில் செய்ய 1998-ஆம் ஆண்டு டைரக்டிவ் ஒன்று வழி செய்கிறது, நல்ல ஏற்பாடு, ஆனால் அதுவும் உறுப்பு நாட்டுக் குடிமக்களுக்குத்தான். இந்திய பாஸ்போர்ட்டோடு போகிறவளுக்கு மிச்சம் இருப்பது ஆணையத்தின் ஐந்து மாத ப்ளூ புக் பயிற்சி. அதில் வெளிநாட்டவருக்கும் கொஞ்சம் இடம் உண்டு, போட்டி கடுமை.

இதைப் படிக்கிற எல்லோரும் உங்களைப் போல இந்தியக் குடிமக்கள் இல்லை என்பதால் ஒரு கிளைப் பேச்சு. புதுச்சேரியில் பிரெஞ்சுக் குடியுரிமை உள்ள தமிழ்க் குடும்பங்களும், பாரிஸிலும் ஜெர்மனியிலும் நெதர்லாந்திலும் பிறந்து வளர்ந்து அந்த நாட்டுக் குடியுரிமை உள்ள ஈழத் தமிழ்ப் பிள்ளைகளும் இதே கேள்வியைக் கேட்கும்போது என் பதில் மாறிவிடும். மேலே மூடியது என்று நான் சொன்ன கதவுகள் எல்லாம் அவர்களுக்குத் திறந்தவை. புதுச்சேரிப் பிள்ளைக்குப் பிரெஞ்சும் கையில் இருந்தால், லக்சம்பர்க் நீதிமன்றத்துக்குள் வேலை நடக்கும் மொழியே அதுதான். அவர்களுக்கும் ஒரே ஓர் எச்சரிக்கை உண்டு. ஜெர்மனியில் வழக்கறிஞராக ஸ்டாட்ஸ்எக்ஸாமன் என்ற அரசுத் தேர்வு இரண்டும் இடையில் இரண்டு வருடப் பயிற்சியும் வேண்டும், ஐரோப்பியச் சட்டத்தில் பிஏ, எல்எல்பி என்று வேறு பெயரில் முடித்தால் அது ஈடாகாது. நெதர்லாந்தில் ஆங்கிலத்தில் நடக்கும் ஐரோப்பியச் சட்ட இளங்கலைகள் பல, வழக்கறிஞராவதற்கு வேண்டிய சிவீல் எஃபெக்ட் தகுதியைத் தாமாகத் தருவதில்லை. டாக்டருக்குப் படி என்று வற்புறுத்துகிற அம்மா அப்பாக்கள் அங்கேயும் நிறைய. இந்தத் துறையில் உங்கள் பிள்ளைக்கு இரண்டு மூன்று மொழிகளோடு பிறந்த வசதி இருக்கிறது, அதைத் தள்ளிவிடாதீர்கள்.

மகளிடம் ஒரு விஷயத்தைக் கேட்டுத் தெளிவுபடுத்திக்கொள்ளுங்கள். அகதிகள், மனித உரிமை என்று அவள் பேசினால், அவள் நினைப்பது லக்சம்பர்க்கையா, ஸ்ட்ராஸ்பர்க்கையா? ஸ்ட்ராஸ்பர்க்கில் இருக்கும் ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றம் ஒன்றியத்தைச் சேர்ந்ததே இல்லை, 46 நாடுகளின் ஐரோப்பியக் கவுன்சிலைச் சேர்ந்தது. பிரிட்டன் திருப்பி அனுப்பிய ஐந்து இலங்கைத் தமிழர்கள் 1991-ல் தீர்ப்புப் பெற்றது, தோற்றது, அங்கே. விடுதலைப் புலிகளை ஒன்றியத்தின் பயங்கரவாதப் பட்டியலில் வைத்திருந்த முடிவுகள் 2014-ல் ரத்தானது லக்சம்பர்க்கில், 2017-ல் மேல்முறையீட்டிலும் அது நிலைத்தது. அந்த இரண்டாவது வழக்கைப் பலர் அரசியலாக மட்டும் பார்க்கிறார்கள். நீதிமன்றம் அந்த இயக்கம் நல்லதா கெட்டதா என்று சொல்லவில்லை, தகுதியுள்ள அதிகாரிகளின் முடிவுகளை விட்டுவிட்டுப் பத்திரிகைச் செய்தியையும் இணையத் தகவலையும் வைத்துப் பட்டியல் போட்டது நடைமுறைக்குப் பொருந்தாது என்றது. அந்த வேறுபாட்டை அவள் ரசித்தால் இந்தப் படிப்பு அவளுக்குப் பொருந்தும் என்று நம்பலாம். ஸ்ட்ராஸ்பர்க்தான் அவள் மனதில் இருக்கிறது என்றால் தேட வேண்டிய பாடத்திட்டம் வேறு.

எங்கே படிப்பது? பெல்ஜியத்தில் ப்ரூஜ் நகரில் 1949-ல் தொடங்கிய காலேஜ் ஆஃப் யூரோப் இந்தத் துறையில் மிகப் பழைய பெயர், அங்கே பிரெஞ்சு இல்லாமல் சமாளிப்பது சிரமம். பெல்ஜியத்தின் லூவன், நெதர்லாந்தின் லைடன், மாஸ்ட்ரிக்ட் எல்லாம் ஆங்கிலத்தில் நல்ல எல்எல்எம் நடத்துகின்றன, ஆனால் நெதர்லாந்தில் வெளிநாட்டு மாணவர் கட்டணம் அதிகம். ஜெர்மனியில் சார்ப்ரூக்கனில் 1951 முதல் இருக்கும் யூரோப்பா இன்ஸ்டிட்யூட்டை உங்களைப் போன்ற குடும்பங்களுக்கு முதலில் பார்க்கச் சொல்வேன், கட்டணம் நெதர்லாந்தை விடக் குறைவு. ஆனால் ஜெர்மன் விசாவுக்கு ஆண்டுச் செலவாகச் சுமார் 12,000 யூரோவை முடக்கக் கணக்கில் (ப்ளாக்டு அக்கவுண்ட்) காட்ட வேண்டும், அதைக் கடன் கணக்கில் சேர்க்க மறக்காதீர்கள். அயர்லாந்து நம் பிள்ளைகளுக்குப் பழகிய காமன் லா நாடு, ஆங்கிலம். முதுகலை முடித்தவர்கள் இரண்டு ஆண்டு வரை தங்கி வேலை தேடலாம், பெரிய டெக் கம்பெனிகளின் ஐரோப்பிய அலுவலகங்கள் டப்ளினில் இருப்பதால் தரவுப் பாதுகாப்பு வேலை அங்கே உண்டு. திரும்பி வந்து கல்லூரியில் பாடம் நடத்தும் எண்ணம் இருந்தால், வெளிநாட்டு ஓராண்டு எல்எல்எம்முக்கு இங்கே இணைத்தகுதி கிடைக்குமா என்று கிளம்புவதற்கு முன்பே எழுத்தில் கேட்டு வாங்கிவிடுங்கள்.

என் யோசனை, முடித்த கையோடு அனுப்பாதீர்கள். பட்டம் வாங்கட்டும், பார் கவுன்சிலில் பதியட்டும், அகில இந்திய பார் தேர்வை எழுதட்டும், இரண்டு வருடம் போட்டிச் சட்டமோ ஏற்றுமதி நிறுவனத்தின் சட்டப் பிரிவோ எதிலாவது வேலை பார்க்கட்டும். வயசு போயிடும், கல்யாணம் தள்ளிப்போகும் என்று நீங்கள் கவலைப்படுவது தெரிகிறது. ஆனால் வேலை அனுபவத்தோடு போனவர்களுக்கு அங்கே எந்தப் பாடத்தை எடுப்பது என்று தெரிந்திருக்கும், திரும்பினால் சேர ஓர் இடமும் இருக்கும், கடனையும் அவர்களே கட்டுவார்கள். வெறுமனே பொது ஐரோப்பியச் சட்டம் என்று எடுக்காமல் ஒரு கிளையைப் பிடித்துக்கொள்ளச் சொல்லுங்கள்.

இந்த இரண்டு வருடத்தில் செய்ய வேண்டியதற்குப் பணம் அதிகம் வேண்டாம். லக்சம்பர்க் நீதிமன்றத்தின் க்யூரியா, ஒன்றியச் சட்டங்களுக்கான யூர்லெக்ஸ் இரண்டு தளங்களிலும் தீர்ப்புகளும் சட்டங்களும் இலவசமாகக் கிடைக்கின்றன. நான் மேலே சொன்ன 1963 தீர்ப்பு நீளமானது இல்லை, அதில் தொடங்கி ஷ்ரெம்ஸ் வரை வரட்டும், அட்வகேட் ஜெனரல் (நம் ஊர் அரசு வழக்கறிஞர் இல்லை, அந்த நீதிமன்றத்துக்கே சுதந்திரமாகக் கருத்துச் சொல்பவர்) கொடுக்கும் கருத்துரையையும் சேர்த்துப் படிக்கட்டும், சில சமயம் தீர்ப்பைவிட அதில்தான் வாதம் விரிவாக இருக்கும். சென்னையில் அலியான்ஸ் ஃப்ரான்சேஸில் பிரெஞ்சு இப்போதே தொடங்கட்டும். விண்ணப்பிக்கும் கல்லூரிக்கு, இந்தப் படிப்பை முடித்தால் எந்த நாட்டிலாவது வழக்கறிஞராகப் பதியத் தகுதி கிடைக்குமா, கிடைக்காவிட்டால் உங்கள் வெளிநாட்டு மாணவர்கள் முடித்தபின் எங்கே வேலை பார்க்கிறார்கள் என்று அவளே மெயில் போடட்டும். பதில் வந்ததும், அவள் எடுக்க நினைக்கும் பாடங்களின் பட்டியலோடு எனக்கு அனுப்புங்கள், பத்திரத்தை பேங்குக்குக் கொண்டுபோவதற்கு முன்னால் அவளையும் வைத்துக்கொண்டு பேசிவிடலாம்.