மேய்ஸ்டர்களின் கழுத்துச் சங்கிலி பட்டமா, விருதா? அதில் வலேரிய எஃகு வளையம் மட்டும் ஏன் அரிது?

ஜார்ஜ் ஆர். ஆர். மார்ட்டினின் ‘கேம் ஆஃப் த்ரோன்ஸ்’ (1996) முதலான நாவல்களில், பிரபுக்களின் கோட்டைகளில் மருத்துவராகவும் ஆலோசகராகவும் பணிபுரியும் அறிஞர்களான மேய்ஸ்டர்கள் அணியும் இந்தச் சங்கிலி, ஒரே நாளில் வழங்கப்படும் விருது அன்று. ஓல்ட்டவுன் நகரின் சிட்டடெல் என்னும் கல்விக்கூடத்தில் ஒவ்வொரு துறையிலும் தேறும்போது ஒவ்வொரு வளையமாகச் சேர்வது. மருத்துவத்துக்கு வெள்ளி, கணக்குக்குத் தங்கம், தூதுக் காகங்களைப் பேணும் கலைக்குக் கருப்பு இரும்பு என உலோகமே துறையைச் சொல்லிவிடும். கழுத்தைச் சுற்றும் அளவுக்கு வளையங்கள் சேர்ந்து, உறுதிமொழியும் எடுத்த பிறகே ஒருவர் மேய்ஸ்டர் ஆகிறார். ஐந்தாண்டு படித்தும் ஒரு வளையம்கூடப் பெறாத பேட் என்ற மாணவனையும், ஒரே ஆண்டில் மூன்றைப் பெற்ற அல்லெராஸையும் நான்காம் நாவலின் தொடக்க அத்தியாயம் அருகருகே நிறுத்துகிறது.

வலேரியா என்னும் அழிந்துபோன பேரரசின் எஃகான வலேரிய எஃகு, மாயவித்தை பயின்றதற்கான அடையாளம். நூற்றில் ஒருவரே அதை அணிவதாகக் கதை சொல்கிறது. பாடம் கடினம் என்பதைவிட, அதைப் படிப்பதையே சிட்டடெல் ஏளனமாகப் பார்ப்பதுதான் இதற்குக் காரணம் என்பது என் கருத்து. உறுதிமொழிக்கு முந்தைய இரவில் மாணவரை இருட்டறையில் எரிமலைக் கண்ணாடியாலான ஒரு மெழுகுவர்த்தியோடு அடைத்து, எவ்வளவு முயன்றாலும் அது எரியாது என்று உணரவைக்கும் சடங்கும் இந்த மனப்போக்கைத்தான் காட்டுகிறது. அந்த வளையத்தை அணிந்திருக்கும் வின்டர்ஃபெல் கோட்டையின் மேய்ஸ்டர் லூவினே மாயம் உலகிலிருந்து மறைந்துவிட்டதாக, அக்கோட்டைப் பிரபுவின் மகனான சிறுவன் பிரானிடம் சொல்கிறார்.