பசை இல்லாமல் மணல் சிற்பம் எப்படி நிற்கிறது? திருநெல்வேலி மாவட்டத்து உவரிக் கடற்கரையில் செய்ய வருமா?

தாராளமாக வரும். மணலைப் பிடித்து நிறுத்துவது வெறும் தண்ணீர்தான், அதுவும் கொஞ்சம். இரண்டு மணல் மணிகளுக்கு நடுவே ஒட்டிக்கொள்ளும் மெல்லிய நீர்ப்படலத்தின் பரப்பு இழுவிசை அவற்றைச் சேர்த்து இழுக்கிறது. காய்ந்தால் அந்தப் பிடி போய்விடும், தண்ணீர் அதிகமாகி இடைவெளியெல்லாம் நிரம்பினாலும் போய்விடும், அப்புறம் மொத்தமும் சேறு மாதிரி சரியும்.

ஒடிசாவின் பூரி கடற்கரையில் மணல் சிற்பி சுதர்சன் பட்நாயக் செய்கிற பெரிய சிற்பங்களைப் பார்த்திருப்பீர்கள் (2014-ல் பத்மஸ்ரீ வாங்கியவர்). பெரிதாகச் செய்ய, அடியில்லாத பலகைப் பெட்டிக்குள் ஈர மணலைப் போட்டு நன்றாக மிதித்து இறுக்க வேண்டும். பெட்டியைக் கழற்றியபின் உச்சியிலிருந்து கீழே செதுக்கி வரணும். கீழே முடித்துவிட்டு மேலே போனால், உதிரும் மணல் செய்ததையெல்லாம் மூடிவிடும்.

மணலும் முக்கியம். முனை மழுங்காத மணிகள் ஒன்றோடொன்று பூட்டிக்கொள்ளும், அதனால் தாமிரபரணி மணல் அருமையாக நிற்கும் (அதை அள்ளப் போய் வம்பில் மாட்டாதீர்கள்). தேரி எனப்படும் செம்மணல் மேடுகளின், காற்றில் உருண்ட மணலை நம்பாதீர்கள், அழகு மட்டும்தான். உவரியில் அலை நனைக்கும் இடத்துக்குச் சற்று மேலே தோண்டினால் வேண்டிய ஈரம் கிடைக்கும்.

அழியப்போவதை எதற்குச் செய்யணும் என்பீர்கள். வாசல் கோலத்தை யாரும் அப்படிக் கேட்பதில்லையே! அதே உவரியில் சுயம்புலிங்க சுவாமிக்கு நேர்ந்துகொண்டு, கடல் மணலை ஓலைப்பெட்டியில் சுமந்து கரையில் குவிக்கிறார்கள். அதுவும் நிற்பதற்காக இல்லை.

காற்று பலமான ஆடி மாதம் மட்டும் வேண்டாம்.