கருகச் சுட்ட குடைமிளகாய் சூப்: நீங்கள் கேட்டதும் நான் சொல்வதும்

குளிர் தொடங்கியதிலிருந்து எங்கள் வீட்டில் வாரம் இரண்டு தடவையாவது இந்தச் சூப் கொதிக்கிறது. நுவரெலியாவில் ஒரு விருந்தினர் விடுதிச் சமையலறையில் பல வருடம் நின்று பழகியது, அப்புறம் லயத்து (தேயிலைத் தோட்டத்து வரிசைவீடு) அடுப்பில் அம்மா கத்தரிக்காய் சுட்டதைப் பார்த்துப் பழகியது, இரண்டும் சேர்ந்ததுதான் என் கைப்பக்குவம். செய்து பார்த்தவர்கள் கேட்ட கேள்விகளுக்கு ஒவ்வொன்றாகப் பதில் சொல்கிறேன். அதற்கு முன் அளவு, ஏனென்றால் பாதிப் பேர் அதைத்தான் கேட்டிருக்கிறீர்கள்.

நாலு பேருக்கு: நன்றாகச் சிவந்த குடைமிளகாய் 4 (சந்தையில் பெல் பெப்பர் என்று கேளுங்கள்), தக்காளி 2, பெரிய வெங்காயம் 1, தோலோடு பூண்டு 6 பல், சின்ன உருளைக்கிழங்கு 1, கொச்சிக்காய் (உறைக்கும் சின்ன மிளகாய்) 2, ஒரு மேசைக்கரண்டி பட்டர் அல்லது தேங்காயெண்ணெய், கறிவேப்பிலை ஒரு கொத்து, ஒரு விரல் நீளம் ரம்பை (வாசனை இலை), தேங்காயின் தண்ணிப்பால் 3 கப், கட்டிப்பால் முக்கால் கப், உப்பு, மிளகுத்தூள், அரைத் தேசிக்காய் (எலுமிச்சை). மிளகாய், தக்காளி, பூண்டு, கொச்சிக்காய் எல்லாவற்றையும் சுட்டு, மிளகாயையும் தக்காளியையும் பூண்டையும் உரித்துக்கொள்ளுங்கள். வெங்காயம், கறிவேப்பிலை, ரம்பையைப் பட்டரில் பொன்னிறமாக வதக்கி, உருளைக்கிழங்கும் தண்ணிப்பாலும் விட்டு வேகவைத்து, சுட்டவற்றைச் சேர்த்துப் பத்து நிமிடம் மெல்லக் கொதிக்க விட்டு, ரம்பையையும் கறிவேப்பிலையையும் எடுத்துவிட்டு அரைக்க வேண்டும். கட்டிப்பால் கடைசியில்தான்.

மஸ்கெலியாவிலிருந்து: பெப்பர் சூப் என்றதும் வீட்டுக்காரர் மிளகு ரசம் என்று நினைத்துவிட்டார். மிளகு இதில் முக்கியமா?

இல்லை அக்கா, மிளகு மேலே தூவ மட்டும்தான். குழப்பம் வருவது இயல்பு, ஏனென்றால் பெயரே ஒட்டிப் பிறந்தது. மிளகாய், குடைமிளகாய் எல்லாம் அமெரிக்கக் கண்டத்துச் செடிகள், போர்த்துக்கீசரின் கப்பல் வழியாகத்தான் நம் பக்கம் வந்தன. அதுவரை நம் சமையலுக்குக் காரம் கொடுத்தது மிளகு. புதிதாக வந்த காய் மிளகு மாதிரி உறைத்ததால் மிளகாய் என்று பெயர் வைத்தார்கள். அவருக்கு மிளகு வாசம் பிடிக்கும் என்றால் இறக்கிய பிறகு புதிதாக இடித்துப் போடுங்கள், கொதிக்கும்போது போட்டால் வாசம் ஆவியோடு போய்விடும்.

நானுஓயாவிலிருந்து: தோல் எவ்வளவு கருக வேண்டும்? நான் பயந்துபோய்ச் சீக்கிரம் எடுத்துவிட்டேன், தோல் உரியவே இல்லை.

இந்தச் சூப்பின் உயிரே இந்த இடத்தில்தான் இருக்கிறது, அதனால் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன். தோல் முழுக்கக் கரியாக வேண்டும் தங்கச்சி. அங்கங்கே புள்ளி புள்ளியாகக் கருகினால் போதாது, காம்புப் பள்ளம், மடிப்பு உட்பட எல்லாப் பக்கமும் அடுப்புக்கரி மாதிரி ஆகட்டும். காஸ் அடுப்பில் பெரிய தீயில் நேரே வைத்து இடுக்கியால் திருப்பித் திருப்பிச் சுட்டால் ஒரு காய்க்கு எட்டு, பத்து நிமிடம் ஆகும். தீயைக் குறைத்து மெல்லச் சுட்டால் தோல் கருகுவதற்குள் சதை வெந்து குழைந்து தண்ணீர் விட்டுவிடும், அதைத் தவிர்க்கத்தான் பெரிய தீ.

சுட்ட சூட்டோடு ஒரு சட்டியில் போட்டு மூடி 15 நிமிடம் விட்டுவிடுங்கள். உள்ளே நிற்கும் ஆவி தோலைச் சதையிலிருந்து பிரித்துவிடும். பிறகு விரலால் தள்ளினாலே கழன்று வரும். அப்போது பைப்புக்கு அடியில் பிடித்துக் கழுவாதீர்கள்! பலர் செய்கிற தவறு இதுதான். சுட்டதால் கிடைத்த புகை வாசமும் இனிப்புச் சாறும் தண்ணீரோடு போய்விடும், பிறகு எதற்காகச் சுட்டோம்? விரலை மட்டும் ஒரு கிண்ணத் தண்ணீரில் நனைத்து நனைத்து உரியுங்கள். அங்கங்கே இரண்டொரு கருப்புத் துணுக்கு ஒட்டியிருந்தால் பரவாயில்லை, ஆனால் பாதித் தோலோடு அரைத்தால் கசக்கும். சட்டிக்கு அடியில் சிவப்பாகத் தேங்கி நிற்கும் சாற்றைக் கொட்டிவிடாதீர்கள், அதையும் சூப்பில் சேர்த்துவிடுங்கள்.

கண்டியிலிருந்து: போர்டிங்கில் இருக்கிறேன் அக்கா, மின்சாரத் தட்டடுப்பு மட்டும்தான். சுட முடியுமா?

முடியும் தம்பி. காயை நாலாகப் பிளந்து விதையை எடுத்துவிட்டு, இரும்புத் தோசைக்கல்லை நன்றாகக் காயவைத்து, தோல் பக்கம் கல்லில் படும்படி வைத்துக் கரண்டியால் அழுத்திக்கொண்டே இருங்கள். எண்ணெய் ஊற்றத் தேவையில்லை. நெருப்பில் சுட்ட வாசம் முழுதாக வராது, ஆனால் தோல் கழன்று இனிப்பு ஏறிவிடும். புகை வரும், ஜன்னலைத் திறந்து வையுங்கள். அவண் இருக்கிற வீடு என்றால் 220 பாகை செல்சியஸில் அரை மணி நேரம்.

தலவாக்கலையிலிருந்து: விறகு அடுப்பில் சுட்டேன், ஒருவிதத் தார் வாசம் அடித்தது.

தீக்கொழுந்தில் பிடித்திருப்பீர்கள், அல்லது விறகு பைன் மரமாக இருக்கும். பைனில் பிசின் அதிகம், அந்தப் புகை காயில் அப்படியே ஒட்டிக்கொள்ளும். கழற்றிப் போட்ட பெயின்ட் அடித்த பலகை என்றால் கிட்டவே வேண்டாம். நன்றாகக் காய்ந்த தேயிலை விறகுதான் என் விருப்பம், மெல்லிய விறகானாலும் நல்ல தணல் விழும். கொழுந்து விட்டு எரிவது அடங்கி, சிவந்த தணலில் வெள்ளைச் சாம்பல் பூத்த பிறகு காயை அதற்குள் படுக்க வையுங்கள். அம்மா கத்தரிக்காயும் கருவாடும் சுட்டது அப்படித்தான், வாசம் அடுத்த காம்பரா (லயத்து அறை) வரைக்கும் போகும். காஸ் அடுப்பில் சுட்ட காயையும் தணலில் சுட்ட காயையும் பக்கத்தில் வைத்தால் நான் தணல் காயைத்தான் எடுப்பேன், அதில் எனக்குச் சந்தேகமே இல்லை.

பண்டாரவளையிலிருந்து: குடைமிளகாய் விலை கட்டவில்லை. கறிமிளகாயில் செய்யலாமா?

செய்யலாம், ஆனால் அது வேறு சூப். நீளமான, உறைப்பு குறைந்த கறிமிளகாய்க்குச் சதை மெல்லிசு, அதனால் நாலு குடைமிளகாய்க்குப் பதில் பத்துப் பன்னிரண்டு வேண்டும், சுடும் நேரமும் மூன்று நாலு நிமிடம்தான், கண்ணை எடுத்தால் சதையும் சேர்ந்து கரியாகிவிடும். நிறம் இளம்பச்சையாக வரும். செடியில் பழுத்துச் சிவந்த கறிமிளகாய் கிடைத்தால் விடாதீர்கள், அதில் இனிப்பு உண்டு. பச்சைக் குடைமிளகாய் என்பது முற்றிப் பழுக்காத காய்தான், அதையே செடியில் விட்டால் வகையைப் பொறுத்துச் சிவப்போ மஞ்சளோ ஆகும், செடியில் அதிக நாள் நிற்பதால்தான் சிவப்புக்கு விலையும் கூட. இன்னொன்று, நம் பக்கத்துப் பசுமைக்குடில்களில் வளைந்து நெளிந்து வரும் காய்களை நேரே கேட்டுப் பாருங்கள், குறைந்த விலைக்குத் தருவார்கள். சுட்டு உரித்து அரைக்கப்போகும் காய்க்கு அழகு எதற்கு?

ஹட்டனிலிருந்து: கடைசியில் தேசிக்காய் பிழிந்தேன், சூப் முழுக்கத் திரைந்து போய்விட்டது. வந்திருந்த சம்பந்தி வீட்டார் முன்னால் வெட்கமாகிவிட்டது.

எனக்கும் நடந்திருக்கிறது அக்கா, அதுவும் முப்பது பேருக்கு வைத்த பானையில், அன்று அழுதேவிட்டேன். தேங்காய்ப்பால் திரைவதற்கு இரண்டு காரணம், அதிகக் கொதியும் புளிப்பும். தக்காளியிலேயே புளிப்பு இருக்கிறது, அதன்மேல் தளதளவென்று கொதிக்கும் பானையில் கட்டிப்பாலை ஊற்றித் தேசிக்காயும் பிழிந்தால் கொழுப்பு தனியாகப் பிரிந்து மிதக்கும். அதனால் அரைத்த சூப்பை அடுப்பில் வைத்துச் சூடாக்கி, அடுப்பை அணைத்துவிட்டு, கட்டிப்பாலில் இரண்டு கரண்டிச் சூப்பை விட்டுக் கலக்கி, அந்தக் கலவையைப் பானையில் மெல்ல ஊற்றிக் கிளறுங்கள். அதன்பிறகு கொதி வரவே கூடாது. தேசிக்காயைப் பானையில் பிழியாமல் அவரவர் கிண்ணத்தில் சில துளி விட்டுக்கொள்ளட்டும்.

ஏற்கெனவே திரைந்துவிட்டதென்றால் கொட்டாதீர்கள், கெட்டுப்போனதில்லை. ஆறவிட்டு இன்னொரு தடவை அரைத்தால் பெரும்பாலும் சேர்ந்து வந்துவிடும். உருளைக்கிழங்கு சேர்ப்பதும் இதற்குத்தான் உதவுகிறது, அதன் மாப்பொருள் பாலைப் பிரியவிடாமல் கொஞ்சம் பிடித்துவைக்கும். தேங்காய் இல்லாத நாளில் பால்மா மூன்று மேசைக்கரண்டியை ஒரு கப் இளஞ்சூட்டு நீரில் கரைத்து இதே முறையில் சேருங்கள், அன்று தக்காளி ஒன்று போதும்.

வெலிமடையிலிருந்து: பெரியவர்களுக்கு உறைப்பு வேண்டும், பிள்ளைகளுக்கு வேண்டாம். இரண்டு பானை வைக்கவா?

ஒரே பானை போதும். சிவந்த குடைமிளகாயில் காரம் கிடையாது, காரம் முழுக்கக் கொச்சிக்காயிலிருந்துதான் வருகிறது. அதனால் கொச்சிக்காயைப் பானையில் போடாமல், சுட்டு, உப்பும் ஒரு பல் சுட்ட பூண்டும் கொஞ்சம் தேங்காயெண்ணெயும் சேர்த்து அம்மியில் நசுக்கி, தனிக் கிண்ணத்தில் வைத்துவிடுங்கள். வேண்டியவர்கள் கால் கரண்டி எடுத்துக் கலக்கிக்கொள்ளட்டும். காரம் விதையில் இருக்கிறது என்று பலரும் நம்புகிறார்கள், உண்மையில் விதையைத் தாங்கி நிற்கும் அந்த வெள்ளைச் சதையில்தான் அதிகம், அதை வழித்து எடுத்தால் பாதிக்கு மேல் குறையும். நய் மிரிஸ் (மிகவும் உறைக்கும் மிளகாய் வகை) போட நினைப்பவர்கள் நாலு பேருக்குக் கால் காயில் தொடங்குங்கள். அதன் பழவாசம் சுட்ட குடைமிளகாயோடு அருமையாகச் சேரும், ஆனால் உறைப்பு இரக்கமே காட்டாது. சூப் ஏற்கெனவே உறைத்துவிட்டால் தண்ணீர் ஊற்றாதீர்கள். காரத்தைத் தரும் பொருள் தண்ணீரில் கரையாது, கொழுப்பில் கரையும், அதனால் கட்டிப்பாலைக் கூட்டுங்கள்.

பதுளையிலிருந்து: கொச்சிக்காய் நறுக்கிய கை இரவு முழுக்க எரிந்தது.

மேலே சொன்ன அதே காரணம், காரம் தண்ணீரில் கரையாது. முதலில் தேங்காயெண்ணெய் தேய்த்து, துணியால் துடைத்து, பிறகு சவர்க்காரம் போட்டுக் கழுவுங்கள். அதுவரை கண்ணில், பிள்ளையின் முகத்தில் கை வைக்காதீர்கள்.

நுவரெலியாவிலிருந்து: கொழும்பில் தங்கச்சி வீட்டில் 15 நிமிடத்தில் வெந்த கிழங்கு எங்கள் வீட்டில் வேகவில்லை. கிழங்கு பிழையா?

கிழங்கின்மேல் பழி போடாதீர்கள். நுவரெலியா கடல் மட்டத்திலிருந்து 1,868 மீற்றர் உயரம். மேலே போகப் போகக் காற்றழுத்தம் குறைவதால் தண்ணீர் 100 பாகைக்கு முன்பே, நம் ஊரில் ஏறத்தாழ 94 பாகையிலேயே கொதிக்கிறது. எவ்வளவு விறகு வைத்தாலும் கொதிக்கும் தண்ணீர் அதற்குமேல் சூடேறாது, அதனால் கிழங்கு, பருப்பு எல்லாம் தாமதமாகத்தான் வேகும். கிழங்கைச் சின்னச் சின்னதாக நறுக்குங்கள், மூடி போட்டு இன்னும் பத்து நிமிடம் கூட்டிக்கொள்ளுங்கள், பிரஷர் குக்கர் இருந்தால் கவலையே இல்லை. மிளகாய் சுடும் நேரம் மாறாது, நெருப்புக்கு இந்தக் கணக்கு இல்லை.

கொட்டகலையிலிருந்து: பிளெண்டரில் கொதிக்கக் கொதிக்க ஊற்றினேன், மூடி பறந்து கையில் கொட்டிவிட்டது. பிளெண்டர் இல்லாமல் முடியாதா?

கை இப்போது எப்படி இருக்கிறது? கொப்புளம் வந்திருந்தால் உடைக்காதீர்கள், வைத்தியரிடம் காட்டுங்கள். சுடுசூப்பை மூடி அரைத்தால் ஆவி ஒரே நேரத்தில் மேலே தள்ளும். கை வைக்கிற சூட்டுக்கு ஆறவிட்டு, பாதி அளவுக்கு மட்டும் ஊற்றி, மூடியின்மேல் மடித்த துணியை வைத்து அழுத்திப் பிடித்து, விட்டு விட்டு அரையுங்கள். அம்மியிலும் தாராளமாக அரைக்கலாம். சுட்டு உரித்த மிளகாய் வெண்ணெய் மாதிரி இருக்கும், ஐந்து நிமிட வேலைதான். கிழங்கை மட்டும் கரண்டியால் தனியாக மசித்துச் சேருங்கள், அம்மியில் அரைத்தால் பசை மாதிரி இழுக்கும்.

இராகலையிலிருந்து: நிறையச் சுட்டு எண்ணெயில் ஊறப்போட்டு அலுமாரியில் வைக்கலாமா?

வேண்டாம். காற்றுப் படாமல் எண்ணெய்க்குள் கிடக்கும் சுட்ட காயிலும் பூண்டிலும், வாசத்திலோ நிறத்திலோ தெரியாமலே கொடிய நஞ்சை உண்டாக்கும் கிருமி வளரலாம். ஊர் குளிர்தானே என்று நினைக்காதீர்கள், அந்தக் குளிர் போதாது. குளிர்சாதனப் பெட்டியில் மூன்று நாள், இல்லையென்றால் உரித்த காயை எண்ணெய் இல்லாமல் சின்னப் பைகளில் கட்டி உறைய வையுங்கள். சூப்பாகவே உறைய வைப்பதென்றால் கட்டிப்பால் சேர்ப்பதற்கு முன் எடுத்து வையுங்கள்.

புசல்லாவையிலிருந்து: எதோடு சாப்பிடுவது அக்கா? பாண் சலித்துவிட்டது.

தேங்காய்ப்பூ போட்ட ரொட்டி, கொஞ்சம் தடிப்பாக, ஓரம் மொறுமொறுவென்று சுட்டு. கொழுந்து எடுத்துவிட்டு நனைந்து வருகிறவர்களுக்கு அதில் ஒரு துண்டைப் பிய்த்துச் சூப்பில் தோய்த்துக் கொடுங்கள். அடுப்புத் தணல் மிச்சமிருந்தால் ரொட்டியையும் அதிலேயே காட்டிவிடுங்கள்.