அந்த அறையில் சொன்னது யாருக்குச் சொந்தம்?

வாசகர் கேள்விகளுக்கு மனநல மருத்துவர் பதில்

இம்முறை வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் மருத்துவர்களின் நடத்தையைப் பற்றியே கேட்டிருந்தன. ஆகவே இந்த இதழை அதற்கே ஒதுக்கிவிட்டேன். தூக்கமின்மை பற்றி எழுதியவர்கள் அடுத்த இதழ்வரை பொறுத்துக்கொள்ள வேண்டும். எழுதியவர்களின் பெயர்களை வெளியிடவில்லை. ஆளை அடையாளம் காண உதவும் விவரங்களையும் நீக்கியிருக்கிறேன்.

கேள்வி: என் கணவர் எட்டு மாதமாக மனநல மருத்துவரிடம் சிகிச்சை பெறுகிறார். அழைத்துப் போவதும் நான், கட்டணம் கட்டுவதும் நான். உள்ளே என்ன பேசினார் என்று கேட்டால், "அவர் சம்மதம் இல்லாமல் சொல்ல முடியாது" என்கிறார் மருத்துவர். மனைவிக்குக்கூடத் தெரியக்கூடாத ரகசியம் என்ன? இது நியாயமா டாக்டர்?

நியாயம்தான் அம்மா. எட்டு மாதமாக அவருக்காக அலைந்துவிட்டு, கதவுக்கு வெளியே உட்கார்ந்திருப்பவருக்கு இந்தப் பதில் கசக்கும் என்று தெரியும். அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

நான் பணியில் சேர்ந்த இரண்டாம் ஆண்டில் 19 வயது இளைஞன் ஒருவன் என்னிடம் வந்துகொண்டிருந்தான். நான்காவது முறை வந்தபோதுதான் மனம் திறந்தான். ஆறு மாதமாகக் கல்லூரிக்கே போகவில்லை, காலையில் கிளம்பிப் பூங்காவில் உட்கார்ந்துவிட்டு மாலையில் வீடு திரும்புகிறேன் என்றான். வெளியே அவனுடைய தாய் என் கைகளைப் பற்றிக்கொண்டு அழுதார். பெற்ற தாயிடம் சொன்னால் நல்லதுதானே என்று எண்ணிச் சொல்லிவிட்டேன். அன்றிரவே வீட்டில் விசாரணை நடந்திருக்கிறது. அடுத்த வாரம் அவன் வரவில்லை. இரண்டு ஆண்டுகள் கழித்துத் தாய் மட்டும் வந்தார். "எந்த டாக்டரிடமும் வரமாட்டேன் என்கிறான். எல்லா டாக்டர்களும் உங்கள் ஆட்கள்தான் என்கிறான்" என்றார். அவர் என்மேல் பழி சொல்லவில்லை. ஆனால் பழி என்னுடையதுதான். இன்றுவரை அதை நான் மறக்கவில்லை.

எலும்பு முறிந்தவர் வாய் திறக்காவிட்டாலும் எக்ஸ்ரே காட்டிக்கொடுத்துவிடும். சர்க்கரை நோயை ரத்தப் பரிசோதனை சொல்லிவிடும். மனச்சோர்வைக் கண்டுபிடிக்க அப்படி ஒரு பரிசோதனை இல்லை. நோயாளி வாய்விட்டுச் சொன்னால்தான் எங்களுக்கு வழி தெரியும். சொன்னது வெளியே போகும் என்ற ஐயம் ஒருமுறை வந்துவிட்டால், அதற்குப் பிறகு அவர் அளந்து அளந்துதான் பேசுவார். அரைகுறையாகத் தெரிந்த ஒரு மனிதருக்கு நாங்கள் முழு மருந்து எழுதிக்கொண்டிருப்போம். சிகிச்சையின்போது கேட்டதை வெளியே சொல்லமாட்டேன் என்ற வாக்குறுதி ஏறத்தாழ 2,400 ஆண்டுகள் பழைய ஹிப்போகிரட்டிஸ் உறுதிமொழியிலேயே இருக்கிறது. கட்டணம் யார் கட்டினாலும் அந்த வாக்குறுதி நோயாளிக்குத்தான்.

ஆனால் ஒன்றைக் கவனியுங்கள். மருத்துவருக்கு வாய்ப்பூட்டு உண்டே தவிர, காதுப்பூட்டு கிடையாது. நீங்கள் சொல்வதை அவர் தாராளமாகக் கேட்கலாம். கணவர் இரவில் எத்தனை மணிக்கு உறங்குகிறார், மாத்திரையை விழுங்குகிறாரா, எந்த நேரத்தில் கோபம் வருகிறது, சாவைப் பற்றிப் பேசுகிறாரா என்பதையெல்லாம் ஒரு தாளில் எழுதிக் கொடுங்கள். எங்களுக்கு அது பொன் போன்றது. "நான் சொன்னதாக அவரிடம் சொல்லாதீர்கள்" என்ற நிபந்தனையை மட்டும் தவிர்த்துவிடுங்கள். இந்த நோயில் வீட்டார் எப்படி நடந்துகொள்ள வேண்டும், மருந்தின் பக்கவிளைவுகள் என்ன என்று பொதுவாகக் கேட்பதற்கு உங்களுக்கு உரிமை உண்டு. கணவர் சம்மதித்தால் மூவரும் சேர்ந்து உட்கார்ந்து பேசலாம். பெரும்பாலானோர் கேட்டால் சம்மதிக்கிறார்கள். யாரும் கேட்பதில்லை என்பதுதான் என் அனுபவம்.

ரகசியத்துக்கு எல்லையும் உண்டு. 1969இல் அமெரிக்காவின் பெர்க்லியில் ஒரு மாணவர், தாட்டியானா தாராசாஃப் என்ற பெண்ணைக் கொல்லப்போவதாகப் பல்கலைக்கழக மருத்துவ மையத்தின் உளவியலாளரிடம் சொன்னார். உளவியலாளர் வளாகக் காவலர்களுக்குத் தெரிவித்தார். அவர்கள் விசாரித்துவிட்டு விட்டுவிட்டார்கள். அந்தப் பெண்ணுக்கோ பெற்றோருக்கோ யாரும் சொல்லவில்லை. அக்டோபர் 27 அன்று அவர் கொல்லப்பட்டார். ஆபத்துக்கு உள்ளாகும் நபரைப் பாதுகாக்கும் கடமை சிகிச்சை அளிப்பவருக்கு உண்டு என்று கலிபோர்னியா உச்ச நீதிமன்றம் 1976இல் தீர்ப்பளித்தது. இதில் நாட்டுக்கு நாடு சட்டம் மாறும். ஆனால் உங்கள் கணவரின் உயிருக்கோ உங்கள் உயிருக்கோ ஆபத்து என்று அவருடைய மருத்துவர் கருதினால், நீங்கள் கேட்கும்வரை காத்திருக்காமல் அவரே உங்களை அழைக்க வேண்டும்.

கேள்வி: என் தம்பிக்கு 26 வயது. யாரோ தன்னைக் கண்காணிப்பதாகச் சொல்கிறான். மருத்துவமனை என்றாலே சீறுகிறான். ஆளைப் பார்க்காமலே, நாம் சொல்வதை வைத்து மருந்து எழுதித் தரும் மருத்துவர் ஒருவர் இருக்கிறாராம். அவன் சாப்பாட்டில் கலந்து கொடுத்தால் போதும் என்கிறார் உறவினர். செய்யலாமா?

வேண்டாம் அக்கா. நீங்கள் எவ்வளவு தவித்துப்போயிருப்பீர்கள் என்று புரிகிறது. இருந்தும் வேண்டாம் என்றே சொல்வேன்.

தன் உணவில் யாரோ எதையோ கலக்கிறார்கள் என்பது இந்த நோயில் அடிக்கடி எழும் சந்தேகம். நீங்கள் மருந்தைக் கலந்த அன்று அந்தச் சந்தேகம் உண்மையாகிவிடும். என்றாவது ஒருநாள் அவன் அதைக் கண்டுபிடிப்பான். அதற்குப் பிறகு உங்கள் கையால் ஒரு குவளைத் தண்ணீர்கூட வாங்கமாட்டான். அவன் இன்னும் நம்புகிற ஒரே ஆள் நீங்களாக இருக்கலாம், அதை இழந்துவிடாதீர்கள்.

உடலுக்கும் ஆபத்து உண்டு. இந்த வகை மருந்துகள் சிலருக்குத் தொடங்கிய சில நாள்களிலேயே கழுத்துத் தசையை இழுத்துப் பிடிக்கும். கண்கள் மேலே செருகிக்கொள்ளும். மருந்து சாப்பிடுவதாகத் தெரிந்தவர் மருத்துவரிடம் ஓடுவார். தெரியாதவர் என்ன நினைப்பார்? குளோசபின் போன்ற மருந்து வெள்ளையணுக்களைக் குறைத்துவிடக்கூடும் என்பதால் ரத்தப் பரிசோதனை செய்துகொண்டே இருக்க வேண்டும். பார்க்காத ஆளுக்கு இவற்றை எழுதித் தரும் மருத்துவரை எனக்குப் புரியவில்லை. அவரிடம் போகாதீர்கள்.

அவன் வராவிட்டாலும் நீங்கள் ஒரு நல்ல மருத்துவரைப் பார்த்து ஆலோசனை கேளுங்கள். வீட்டுக்கு வந்து பார்க்கக்கூடியவர் இருந்தால் இன்னும் நல்லது. தம்பியிடம் "உனக்கு நோய்" என்று வாதாடாதீர்கள். "இத்தனை நாளாகத் தூங்கவில்லையே, உடம்பு என்னத்துக்கு ஆகும்" என்று தொடங்கிப் பாருங்கள். தூக்கத்துக்காக வந்து, பிறகு மற்றதைப் பேசியவர்கள் என்னிடம் பலர்.

அவன் உயிருக்கோ பிறர் உயிருக்கோ ஆபத்து என்ற கட்டம் வந்தால், சம்மதம் இல்லாமலும் சிகிச்சை அளிக்கச் சட்டங்கள் வழி வைத்திருக்கின்றன. மருத்துவர் நேரில் பரிசோதிக்க வேண்டும், கால வரம்பு வேண்டும், நோயாளி முறையிட இடம் வேண்டும். இத்தனை கெடுபிடி எதற்கு என்று சலித்துக்கொள்பவர்களுக்கு நான் பியோத்தர் கிரிகோரென்கோவைப் பற்றிச் சொல்வேன். சோவியத் இராணுவத்தின் ஜெனரல் அவர். அரசை விமர்சித்தார் என்பதற்காக மனநோயாளி என்று முத்திரை குத்தி, ஆண்டுக்கணக்கில் மனநல மருத்துவமனைகளில் அடைத்து வைத்தார்கள். அமெரிக்கா சென்றபின், 1979இல் தாமாகவே முன்வந்து மருத்துவர் குழுவின் பரிசோதனைக்கு உட்பட்டார். மனநோய் எதுவும் இல்லை என்றது குழு. கையெழுத்துப் போட்டு அவரை அடைத்தவர்களும் என்னைப் போன்ற மருத்துவர்கள்தான். நோய் இல்லாதவரிடம் மருத்துவர் தம் தொழிலைக் கருவியாக்கக் கூடாது என்று உலக மனநல மருத்துவச் சங்கம் 1977இல் ஹவாய் பிரகடனத்தில் எழுதி வைத்தது இப்படிப்பட்ட கொடுமைகளின் பின்னணியில்தான்.

கேள்வி: ஓராண்டாக உளவியல் ஆலோசகர் ஒருவரிடம் போகிறேன். இப்போது கட்டணம் வாங்குவதில்லை. இரவில் தொலைபேசியில் பேசுகிறோம். "உங்களைப் போல் என்னை யாரும் புரிந்துகொண்டதில்லை" என்கிறார். எனக்கும் அவரைப் பிடித்திருக்கிறது. இருவரும் வயது வந்தவர்கள்தானே, இதில் என்ன தவறு?

தவறு இருக்கிறது. அது முழுக்க முழுக்க அவருடையது. முதலில் இதை மனத்தில் வாங்கிக்கொள்ளுங்கள்.

வாரந்தோறும் ஒருவர் உங்கள் பேச்சைக் குறுக்கிடாமல் கேட்கிறார், அழுதாலும் முகம் சுளிப்பதில்லை. அவர்மேல் பிரியம் வருவது இயல்பு. அது சிகிச்சைச் சூழலில் விளைவது, தம் வசீகரத்தால் வந்தது என்று மருத்துவர் எண்ணிவிடக் கூடாது என்று ஃபிராய்டு 1915இலேயே எச்சரித்தார். உங்கள் ஆலோசகர் இதைப் படிக்காமல் தொழிலுக்கு வந்திருக்கமாட்டார். உங்கள் அச்சங்கள், உறவுகளில் பட்ட காயம், தனிமை எல்லாம் அவருக்குத் தெரியும். அவரைப் பற்றி உங்களுக்கு என்ன தெரியும்? ஒருவர் மட்டும் எல்லாவற்றையும் காட்டிவிட்ட நிலையில், வயது வந்தவர்கள் என்ற வாதம் நிற்காது. சிகிச்சையை முடித்துவிட்டுப் பழகலாம் என்றும் அவர் சொல்லக்கூடும். முன்னாள் நோயாளியோடு பாலுறவும் நெறிமீறலே என்று அமெரிக்க மனநல மருத்துவர் சங்கம் 1993இல் அறிவித்துவிட்டது.

கட்டணத்தை அவர் நிறுத்தியதுதான் என்னை அதிகம் உறுத்துகிறது. வேறொருவரை இந்த வாரமே பாருங்கள். குறுஞ்செய்திகளை அழிக்காதீர்கள். அவரிடம் விடைபெறுவதற்காக நேரில் போக வேண்டியதில்லை. அவருக்கு உரிமம் வழங்கிய அமைப்பிடம் புகார் செய்வது உங்கள் விருப்பம். மனத்தில் தெம்பு வந்தபின் முடிவு செய்யலாம். உங்களைக் குற்றவாளியாக நினைத்துக்கொண்டு அந்த முடிவை எடுக்காதீர்கள்.

கேள்வி: ஓர் அரசியல் தலைவரின் பேச்சைத் தொலைக்காட்சியில் பார்த்தேன். அவருக்கு என்ன மனநோய் என்று நீங்கள் சொல்லலாமே?

சொல்லமாட்டேன். 1964இல் ஓர் அமெரிக்க இதழ், அதிபர் வேட்பாளர் பாரி கோல்ட்வாட்டர் பதவிக்குத் தகுதியானவரா என்று 12,356 மனநல மருத்துவர்களுக்கு எழுதிக் கேட்டது. 2,417 பேர் பதில் அனுப்பினார்கள். 1,189 பேர் தகுதியில்லை என்றார்கள். அவர்கள் எழுதிய நோய்ப் பெயர்களும் அச்சில் வந்தன. கோல்ட்வாட்டர் அவதூறு வழக்குத் தொடுத்து வென்றார். நேரில் பரிசோதிக்காமல், அனுமதி பெறாமல் ஒருவரின் மனநலம் பற்றிப் பொதுவெளியில் கருத்துக் கூறக் கூடாது என்ற விதி 1973இல் வந்தது அதனால்தான். எனக்கு வேறொரு காரணமும் உண்டு. பிடிக்காத தலைவரைத் திட்ட நோயின் பெயரை எடுத்தால், அதே நோயோடு மாத்திரை சாப்பிட்டுக்கொண்டு வேலைக்குப் போய்வரும் என் நோயாளிகள் அதைக் கேட்டுக்கொண்டிருப்பார்கள்.

கேள்வி: எனக்குச் சிகிச்சை அளித்த மருத்துவரை ரயில் நிலையத்தில் பார்த்தேன். என்னைப் பார்த்தும் தெரியாதவர்போல் போய்விட்டார். மனம் நொந்துவிட்டது.

உங்களோடு யாராவது நின்றிருந்தார்களா? "இவரை உனக்கு எப்படித் தெரியும்" என்ற கேள்வி உங்களுக்கு வந்துவிடக் கூடாது என்றுதான் நாங்கள் முதலில் பேசுவதில்லை. அடுத்த முறை நீங்களே முதலில் வணக்கம் சொல்லுங்கள். அவர் நிச்சயம் நின்று நலம் விசாரிப்பார்.