160 பந்துகளில் 107: ஃபர்கானா ஹக் பற்றி வாசகர் கேள்விகள்

வங்கதேச மகளிர் அணியின் பேட்டர் ஃபர்கானா ஹக் பற்றி வந்த கேள்விகளுக்கு இந்த இதழின் பக்கத்தை முழுவதுமாக ஒதுக்கியிருக்கிறோம். சுழற்பந்தைச் சமாளிப்பது பற்றிக் கேட்டவர்களுக்கும் இதற்குள்ளேயே பதில் இருக்கிறது.

கேள்வி: வங்கதேசத்துக்காகச் சதம் அடித்த முதல் பெண் ஃபர்கானா என்கிறார்கள். நிகார் சுல்தானா 2019-லேயே அடித்திருக்கிறாரே? ஷர்மின் அக்தர் பெயரையும் சொல்கிறார்களே? (வாசகி, மதுரை)

மூவர் பெயரும் சரிதான். எந்த வகை ஆட்டம் என்பதில்தான் குழப்பம் வருகிறது.

2019 டிசம்பர் 5 அன்று நேபாளத்தின் பொக்காராவில், தெற்காசிய விளையாட்டுப் போட்டியில் மாலத்தீவுக்கு எதிராக நிகார் சுல்தானா ஆட்டமிழக்காமல் 113, ஃபர்கானா ஆட்டமிழக்காமல் 110. ஒரே இன்னிங்ஸில் இரண்டு சதம். அது டி20. 2021 நவம்பரில் ஹராரேயில் நடந்த உலகக் கோப்பைத் தகுதிச் சுற்றில் அமெரிக்காவுக்கு எதிராக ஷர்மின் ஆட்டமிழக்காமல் 130 எடுத்தார். அது 50 ஓவர் ஆட்டம்தான், ஆனால் அமெரிக்காவுக்கு அப்போது ஒருநாள் அந்தஸ்து இல்லாததால் சர்வதேச ஒருநாள் கணக்கில் ஏறவில்லை. அந்தக் கணக்கில் முதல் சதம் ஃபர்கானாவுடையது: 2023 ஜூலை 22, டாக்காவின் மிர்பூர், இந்தியாவுக்கு எதிராக 107.

வங்கதேசப் பெண்களின் முதல் ஒருநாள் ஆட்டம் 2011 நவம்பர் 26 அன்று டாக்காவை அடுத்த சாவரில் அயர்லாந்துக்கு எதிராக நடந்தது. அதில் அறிமுகமானவர்களில் ஃபர்கானாவும் ஒருவர். அணியின் முதல் ஆட்டத்துக்கும் முதல் சதத்துக்கும் இடையில் கிட்டத்தட்ட 11 ஆண்டு 8 மாதம். அத்தனை காலமும் களத்தில் இருந்தவரே அதை அடித்தார் என்பது எங்களுக்கு மிகவும் பிடித்த விஷயம். இன்னொன்று: ஃபர்கானாவும் ஷர்மினும் ஒரே ஊர்க்காரர்கள். இருவரும் நாட்டின் வடக்கே உள்ள காய்பாந்தாவில் பிறந்தவர்கள்.

கேள்வி: 107 ரன்னுக்கு 160 பந்தா? இன்னும் 10 ரன் வேகமாக எடுத்திருந்தால் மிர்பூரில் இந்தியாவை வென்றிருக்கலாமே. (வாசகர், திருச்சி)

மெதுவான ஆட்டம்தான், மறுப்பதற்கில்லை. ஆனால் எந்த ஆடுகளம், எப்படிப்பட்ட அணி என்று பார்க்காமல் 107-ஐ 160-ஆல் வகுத்துத் தீர்ப்புச் சொல்லிவிட முடியாது.

முதலில் கணக்கு. அந்த 107-ல் பவுண்டரி 7, அதாவது 28 ரன். மீதி 79 ரன்னும் ஓடி எடுத்தவை. அவை எல்லாமே சிங்கிள் (ஒற்றை ரன்) என்று வைத்துக்கொண்டாலும் ரன் வந்த பந்துகள் 86-ஐத் தாண்டாது. ஆக, குறைந்தது 74 டாட் பால், அதாவது ரன் வராத பந்து. 12 ஓவருக்கும் மேல். மறுமுனையில் இருந்தவர்களுக்குக் கிடைத்தவை ஏறத்தாழ 140 பந்துகள். வைடு, நோபால் போன்ற உதிரிகளையும் சேர்த்து அதில் வந்தவை 118 ரன். அதாவது நூறு பந்துக்கு 84. ஒரு முனை அடைபடாமல் இருந்ததால்தான் மற்றவர்கள் அந்த வேகத்தில் ஆட முடிந்தது. விழுந்தவை 4 விக்கெட், எடுத்தது 225.

இப்போது ஆடுகளம். மிர்பூர் மண் கருங்களிமண். பந்து தரையில் பட்டதும் ஒரு நொடி தயங்கி, தாழ்ந்து வரும். அந்தத் தொடரின் மற்ற ஸ்கோர்களைப் பாருங்கள். முதல் ஆட்டத்தில் வங்கதேசம் 152, இந்தியா 113. இரண்டாவதில் இந்தியா 228, வங்கதேசம் 120. மூன்றாவதிலும் இந்தியா தன் கடைசி 6 விக்கெட்டுகளை 34 ரன்களுக்குள் இழந்து, வெற்றிக்கு ஒரு ரன் இருக்கும்போது 225-ல் நின்றது. இப்படிப்பட்ட தொடரில் ஃபர்கானா எடுத்தவை 27, 47, 107. தொடர் நாயகி விருது அவருக்குத்தான் போனது.

அதே ஆட்டத்தை வேறு மண்ணில் வைத்துப் பாருங்கள். 2023 டிசம்பர் 20 அன்று தென்னாப்பிரிக்காவின் பாட்செஃப்ஸ்ட்ரூமில் அவர் தன் இரண்டாவது சதத்தை அடித்தார்: 167 பந்துகளில் 102. அணி 4 விக்கெட்டுக்கு 222. மிர்பூர் ஸ்கோரின் அச்சு அசல். ஆனால் பந்து நேராக மட்டைக்கு வரும் அந்த ஆடுகளத்தில் தென்னாப்பிரிக்கா 8 விக்கெட் வித்தியாசத்தில் வென்றுவிட்டது. அதற்கு நான்கு நாள் முன்பு ஈஸ்ட் லண்டனில் நடந்ததோ நேர்மாறு. ஃபர்கானா 35-ல் ஆட்டமிழந்தார். முர்ஷிதா காத்துன் கடைசிவரை நின்று 91 எடுத்தார். வங்கதேசம் 250 ரன் குவித்து 119 ரன் வித்தியாசத்தில் வென்றது.

எங்கள் கருத்து இதுதான்: மிர்பூரில் அந்த 107 சரியான ஆட்டம். பாட்செஃப்ஸ்ட்ரூமில் 102 போதாத ஆட்டம். இரண்டையும் ஆடியது ஒரே கை, ஒரே பாணி.

கேள்வி: மிர்பூரில் இந்தியாவோடு ஆடிய அந்த மூன்றாவது ஆட்டம் சமனில் முடிந்தபோது, வெற்றியை முடிவு செய்ய ஆளுக்கொரு ஓவர் ஆடும் சூப்பர் ஓவர் ஏன் வைக்கவில்லை? (வாசகர், வேலூர்)

மழையால் நேரம் போய், ஆட்டத்துக்கென ஒதுக்கிய நேரம் முடிந்திருந்தது. அதனால் தொடர் 1-1 என்று பகிரப்பட்டது. அதே ஆண்டு நவம்பரில் அதே மைதானத்தில் பாகிஸ்தானோடு சமன் ஆனபோது சூப்பர் ஓவர் நடந்தது, வங்கதேசம் வென்றது.

கேள்வி: மாலத்தீவை 6 ரன்னில் சுருட்டிய ஆட்டத்தில் அடித்த சதத்தையும் சாதனை என்று எண்ணலாமா? (வாசகி, சேலம்)

ஏட்டில் எண்ண வேண்டும். 2018 ஜூலை 1 முதல் ஐசிசி உறுப்பு நாடுகளின் மகளிர் டி20 ஆட்டங்கள் எல்லாவற்றுக்கும் சர்வதேச அந்தஸ்து உண்டு. 53 பந்தில் 110 என்பது பதிவில் இருக்கும். ஆனால் ஃபர்கானாவின் டி20 ஆட்டத்தை எடைபோட எங்களைக் கேட்டால் 2018 ஜூன் 6, கோலாலம்பூரைக் காட்டுவோம். ஆசியக் கோப்பை, எதிரணி இந்தியா, இலக்கு 142. 46 பந்தில் ஆட்டமிழக்காமல் 52 எடுத்து, ருமானா அகமதுவோடு சேர்ந்து ஆட்டத்தை முடித்துக்கொடுத்தார். நான்கு நாள் கழித்து இறுதிப் போட்டியிலும் அதே இந்தியாவைக் கடைசிப் பந்தில் வென்று வங்கதேசம் கோப்பையைத் தூக்கியது.

கேள்வி: என் மகளுக்கு 14 வயது. ஃபர்கானாவைப்போல விக்கெட்டைக் கொடுக்காமல் நிற்கிறாள். ஆனால் சுழற்பந்து வந்தால் அடிக்காமல் தடுத்துக் கட்டை போட்டுக்கொண்டே இருக்கிறாள், ரன் வருவதில்லை. என்ன செய்யலாம்? (வாசகி, திண்டுக்கல்)

விக்கெட்டைக் காக்கத் தெரிந்த பிள்ளைக்கு சிங்கிள் எடுக்கக் கற்றுக்கொடுப்பது எளிது. அடிக்க மட்டுமே தெரிந்தவரை நிற்க வைப்பதுதான் கடினம். ஆகவே கவலை வேண்டாம்.

கட்டை போடும்போது ரன் வராததற்குப் பெரும்பாலும் காரணம் கீழ்க்கை. வலக்கை பேட்டருக்கு வலது கை. அது கைப்பிடியை இறுக்கிப் பிடித்திருந்தால் பந்து மட்டையில் பட்டு வேகமாகப் போய் நேராக ஃபீல்டர் கையில் விழும். கீழ்க்கையின் கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் மட்டும் பிடிக்கட்டும், மற்ற மூன்று விரல்களும் தளர்ந்து இருக்கட்டும். பந்து மட்டையில் பட்டு மூன்று நான்கு அடி தள்ளி நின்றுவிடும். அதுவே ஒரு சிங்கிள்.

அடுத்தது கால். சுழற்பந்துக்கு அரை அடி முன்வைத்து நிற்பதுதான் பலரும் செய்யும் தவறு. அந்த இடத்தில் பந்து தரையில் பட்டுத் திரும்புவது கண்ணுக்குத் தெரியாது. அதற்குள் மட்டைக்கு வந்துவிடும். ஒன்று, பந்து விழும் இடத்துக்கே கால் போக வேண்டும். இல்லையென்றால் முழுதாகப் பின்னால் வர வேண்டும். பேட்டர் நிற்கும் கிரீஸ் கோட்டிலிருந்து ஸ்டம்புக்கு 4 அடி இருக்கிறது. அந்த 4 அடியில் பெரும்பாலான பிள்ளைகள் ஒன்றரை அடியைத்தான் பயன்படுத்துகிறார்கள். பின்கால் ஸ்டம்புக்கு ஒரு சாண் முன்னால் வரை போகலாம். அதற்கும் பின்னால் போனால் காலோ மட்டையோ ஸ்டம்பில் பட்டு ஹிட் விக்கெட் ஆகிவிடலாம். இப்படிப் போனால் பந்தைப் பார்க்கக் கூடுதல் நேரம் கிடைக்கும். மட்டையின் முகத்தைக் கொஞ்சம் திறந்து, மார்புக்கு நேர் எதிரே உள்ள பாயிண்ட் பக்கம் தள்ளிவிடலாம். பந்து கண்ணுக்கு நேர் கீழே வரும்வரை பொறுப்பது முக்கியம். மெதுவான ஆடுகளத்தில் அவசரப்பட்டால் பந்து மட்டையின் மேல் பகுதியில் பட்டு, வீசியவர் கைக்கே கேட்சாகப் போகும்.

மூன்றாவது ஸ்வீப், அதாவது முட்டியை மடக்கிப் பந்தைக் கால் பக்கம் பெருக்கித் தள்ளும் அடி. பந்து லெக் ஸ்டம்பிலோ அதற்கு வெளியிலோ விழும்போது மட்டும் ஆடச் சொல்லுங்கள். முன்கால் முட்டி மடங்கி, தலை முட்டிக்கு மேல் நேராக இருக்க வேண்டும். தலை பின்னால் சாய்ந்தால் மேல் விளிம்பில் பட்டு கேட்ச். மட்டை மேலிருந்து கீழாக, படுக்கைவாக்கில் வந்து பந்தின் மேல்பகுதியில் படட்டும். மணிக்கட்டு உருண்டால் பந்து தரையோடு போகும்.

பயிற்சி இப்படி. வலையில் 24 பந்து, அதாவது 4 ஓவர். பாயிண்ட், கவர், மிட்விக்கெட், ஸ்கொயர் லெக் ஆகிய இடங்களில் ஃபீல்டர் நிற்பதுபோல நான்கு செருப்பை வையுங்கள். செருப்புகளுக்கு இடையே பந்து போனால் ஒரு ரன், செருப்பின் பக்கம் போனால் டாட். தொடர்ந்து மூன்று டாட் வந்தால் ஓவரை முதலிலிருந்து எண்ண வேண்டும். முதல் வாரத்தில் 24-ல் 8 வந்தால் நல்லது. 12 வரும்போது நிஜ ஆட்டத்தில் வித்தியாசம் தெரியும். வாரம் மூன்று நாள் போதும். தினமும் செய்தால் கை பழகிய இடத்துக்கே போகும், கண் பழகாது.

ஓடுவதையும் சேர்த்தே பழக்குங்கள். கிரீஸிலிருந்து கிரீஸுக்கு 17.68 மீட்டர். ரன் அவுட் ஆவது பெரும்பாலும் கால் வேகம் குறைவதால் அல்ல, தயங்குவதால். பந்து முன்னால் போனால் அடித்தவர் கூப்பிட வேண்டும், பின்னால் போனால் எதிர்முனையில் இருப்பவர் கூப்பிட வேண்டும். வார்த்தை மூன்றே: யெஸ், நோ, வெயிட். "வா வா... வேண்டாம்" என்பது நாலாவது வார்த்தை, அதில்தான் விக்கெட் போகும்.

கேள்வி: பெண்கள் ஆட்டத்தில் பந்து, பவுண்டரி எல்லாமே சிறியதா? பையன்களோடு பழகினால் பரவாயில்லையா? (வாசகர், யாழ்ப்பாணம்)

பந்து சிறியது. பெண்கள் பந்தின் எடை 140 முதல் 151 கிராம், ஆண்களுடையது 156 முதல் 163. சுற்றளவும் குறைவு. பெண்கள் பவுண்டரி 60 முதல் 70 கஜம். பையன்களோடு தாராளமாகப் பழகலாம், வேகத்துக்குக் கண் பழகும். ஆனால் போட்டிக்கு இரண்டு வாரம் முன்பாவது பெண்கள் பந்துக்கு மாறிவிட வேண்டும். கனமான பந்தில் பழகிய கை லேசான பந்தைக் கொஞ்சம் முன்கூட்டியே அடித்துத் தூக்கிவிடும்.

மட்டை 1,050 முதல் 1,150 கிராம் போதும். கடையிலேயே சோதிக்கலாம். மேல்க்கையால் மட்டும் மட்டையைப் பிடித்து, கையை நேராக நீட்டி 15 வரை எண்ணுங்கள். அதற்குள் நுனி தாழ்ந்தால் அந்த மட்டை கனம்.

கேள்வி: 2025 உலகக் கோப்பையில் ஃபர்கானாவின் மெதுவான ஆட்டத்தால்தான் தென்னாப்பிரிக்காவிடம் தோற்றோம் என்று வங்கதேச ரசிகர்களே சொல்கிறார்கள். அவரை நீக்கிவிடலாமா? (வாசகர், சென்னை)

2025 அக்டோபர் 13, விசாகப்பட்டினம். ஃபர்கானா 76 பந்தில் 30. அதில் குறைந்தது 46 டாட் பால் என்பது கணக்கிலேயே தெரிகிறது. பின்னால் வந்த ஷோர்னா அக்தர் 35 பந்தில் ஆட்டமிழக்காமல் 51 எடுத்ததால்தான் ஸ்கோர் 232-ஐத் தொட்டது. தென்னாப்பிரிக்கா 3 பந்து மிச்சம் வைத்து, 3 விக்கெட் வித்தியாசத்தில் ஜெயித்தது. அன்று இன்னும் 15 ரன் இருந்திருந்தால் முடிவு மாறியிருக்கும் என்று ரசிகர்கள் சொல்வதில் நியாயம் இருக்கிறது.

ஆனாலும் நீக்குவது சரியல்ல. வங்கதேசத்துக்காக ஒருநாள் ஆட்டங்களில் அதிக ரன் எடுத்தவர் அவர். 2022 மார்ச் 14 அன்று ஹாமில்டனில், வங்கதேசப் பெண்கள் தங்கள் முதல் உலகக் கோப்பை வெற்றியைப் பெற்ற ஆட்டத்தில், பாகிஸ்தானுக்கு எதிராக 115 பந்தில் 71 எடுத்தவரும் அவர்தான். வென்றது வெறும் 9 ரன்னில். அன்று அவர் மூன்றாவதாக இறங்கினார் என்பதைக் கவனியுங்கள்.

மாற்ற வேண்டியது அவர் இறங்கும் இடத்தை. முதல் 10 ஓவரில், ஆடுகளத்தைச் சுற்றி வரைந்திருக்கும் வட்டத்துக்கு வெளியே இரண்டு ஃபீல்டர்கள்தான் நிற்கலாம். அப்போது தலைக்கு மேல் தூக்கி அடிப்பவருக்குத்தான் லாபம். தரையோடு தள்ளி ஓடுபவருக்கு வட்டத்துக்குள் நிற்கும் ஃபீல்டர்கள் சுவர். 10 ஓவருக்குப் பிறகு நான்கு பேர் வெளியே போனதும் அந்தச் சுவரில் ஓட்டை விழும், ஃபர்கானாவின் சிங்கிள்கள் வர ஆரம்பிக்கும். ஆகவே தட்டையான ஆடுகளத்தில் அவர் மூன்றாவதாக வரட்டும். மிர்பூரில், பந்து நின்று வரும் நாளில், தொடக்க ஆட்டக்காரராகவே இறங்கட்டும்.