மார்கரெட் ரூதர்ஃபோர்ட்: நீங்க கேட்டதும் நான் சொன்னதும்

பழைய பிரிட்டிஷ் படம்னா எனக்கு காலேஜ்ல இருந்தே கிறுக்கு. அகதா கிறிஸ்டி கதையில துப்பறியிற அந்த மிஸ் மார்பிள் பாட்டியா நடிச்ச மார்கரெட் ரூதர்ஃபோர்டைப் பத்தி எதை வேணா கேளுங்கன்னு தெரியாத்தனமா சொல்லிட்டேன், கேள்வி குவிஞ்சிருச்சு. ஒரே மாதிரி இருந்ததை ஒண்ணா சேர்த்துட்டேன், கோச்சுக்காதீங்க.

கே: அக்கா, இவங்க பெரிய ஹீரோயினா? போட்டோ பார்த்தா அப்படித் தெரியலையே.

ப: ஹீரோயின் எல்லாம் இல்லப்பா, சுத்தமான குணச்சித்திர நடிகை. தொங்குற தாடை, குண்டு உடம்பு, தோள்ல போர்த்துற கேப்னு ஒரு மேலங்கி, எப்பவும் எதையோ மோப்பம் பிடிக்கிற மாதிரி முகம். 1892ல லண்டன்ல பாலம்ங்கிற ஏரியாவுல பிறந்தாங்க, மேடை ஏறுனதே 1925ல ஓல்டு விக் தியேட்டர்ல, அப்ப வயசு 33. நம்ம ஊர்ல அந்த வயசுல நடிகைக்கு அக்கா வேஷம் குடுக்க ஆரம்பிச்சிருவாங்க, இவங்க அப்பத்தான் ஆரம்பிக்கிறாங்க.

கே: மெட்ராஸ்ல இருந்தவங்கன்னு எங்கயோ படிச்சேன், கதை விடுறாங்களா?

கே: அப்பா கொலை பண்ணினவர்ன்றது நெசமா மேடம்?

ப: ரெண்டும் நெசம், ரெண்டும் ஒரே கதைதான். அப்பா பேர் வில்லியம் பென். கல்யாணம் ஆன கொஞ்ச நாள்லயே மனநிலை பாதிச்சு ஆஸ்பத்திரியில இருந்தார், அப்புறம் ஓய்வுக்குன்னு இங்கிலாந்துல மேட்லாக்ங்கிற ஊருக்கு அவரோட அப்பா கூட்டிட்டுப் போனார், அவர் ஒரு பாதிரியார். அங்கதான் 1883 மார்ச்ல, ராத்திரி ஒண்ணுக்குப் போறதுக்கு கட்டிலுக்கு அடியில வைப்பாங்களே பீங்கான் சட்டி, அதாலயே பெத்த அப்பாவை அடிச்சுக் கொன்னுட்டார். பிராட்மூர் மனநோய் சிறையில அடைச்சாங்க, 1890ல விட்டாங்க. வெளிய வந்ததும் பென்ங்கிற பேரைத் தூக்கிட்டு நடுப்பேரான ரூதர்ஃபோர்டையே வச்சுக்கிட்டார். மார்கரெட் பிறந்தப்புறம் பழசெல்லாம் தெரியாத இடமா இருக்கட்டும்னு குடும்பத்தோட கப்பல் ஏறி வந்த ஊர்தான் மெட்ராஸ். ஆனா இங்கயும் விதி விடல, அம்மா வயித்துல புள்ளையோட தற்கொலை பண்ணிக்கிட்டாங்க. மூணு வயசுக் குழந்தையை விம்பிள்டன்ல இருந்த பெரியம்மா பெஸ்ஸிகிட்ட அனுப்பிட்டாங்க.

அப்பா செத்துட்டார்னு சொல்லித்தான் வளர்த்தாங்க. பன்னெண்டு பதிமூணு வயசுலதான் உண்மை தெரியுது, அப்பா உயிரோட இருக்கார், திரும்பவும் பிராட்மூர்ல இருக்கார்னு. நமக்கும் அப்படி ஆயிருமோங்கிற பயம் கடைசி வரைக்கும் அவங்களை விடல, அப்பப்ப மன அழுத்தம் வந்து சிகிச்சை எடுத்துக்கிட்டாங்க. இவ்வளவும் தெரிஞ்சுட்டு அந்தப் படங்களைப் பாருங்க, சிரிப்பு வேற மாதிரி வரும்.

இன்னொண்ணு, அந்த பென் குடும்பம் அரசியல்ல பெரிய குடும்பம். 1929ல இருந்து 31 வரைக்கும் லண்டன்ல இந்தியாவுக்கான மந்திரியா இருந்த வெட்ஜ்வுட் பென் இவங்க பெரியப்பா பையன். அவரோட பையன்தான் பிரிட்டிஷ் லேபர் கட்சி அரசியல்வாதி டோனி பென், அதாவது நம்ம கணக்குல அவருக்கு இவங்க அத்தை முறை.

கே: 33 வயசு வரைக்கும் என்ன பண்ணினாங்க?

ப: பியானோ டீச்சர். பேச்சுப் பயிற்சியும் சொல்லிக் குடுத்தாங்க, சைக்கிள்ல வீடு வீடா போய். பெரியம்மா செத்தப்ப விட்டுட்டுப் போன கொஞ்சப் பணத்துலதான் நடிப்பு படிக்கப் போனது.

கே: பிளைத் ஸ்பிரிட் படத்துல ஆவி கூப்பிடுற அம்மாவா வருவாங்களே, அதுல அவங்க காமெடி டைமிங் எப்படி சார் அப்படி?

ப: சார் இல்லீங்க, அக்கா. டைமிங்னு சொல்றதை விட, அவங்க அதை காமெடின்னு நினைச்சே நடிக்கல, விஷயமே அதுதான். நோயல் கவர்ட் 1941ல எழுதின நாடகம், மேடம் ஆர்கட்டிங்கிற வேஷம். ஆவி கூப்பிடுறதை நம்புறவங்களைக் கிண்டல் பண்ணக்கூடாதுன்னு முதல்ல தயங்கினாங்க, அப்புறம் ஒத்துக்கிட்டு அந்தம்மாவை ஒரு டாக்டர் மாதிரி, தொழில் தெரிஞ்ச ஆளா சீரியஸா நடிச்சாங்க. சைக்கிள்ல காத்தை இழுத்துக்கிட்டு வந்து இறங்குறது, தூங்கி எழுந்தவ மாதிரி கையை வீசி உடற்பயிற்சி பண்றது, எதுலயும் ‘பாரு நான் சிரிக்க வைக்கிறேன்’ங்கிற பார்வையே இருக்காது. 1945ல டேவிட் லீன் படமா எடுத்தப்பவும் இவங்கதான். காமெடியனா இருக்கிறவங்க கேமராவைப் பார்த்து கண்ணடிக்கிற பழக்கம் இருக்கே, அது எனக்கு ஆகவே ஆகாது, அதனாலயே இவங்களைப் பிடிக்கும்.

கே: புத்தகத்துல மிஸ் மார்பிள் ஒல்லியா அமைதியா இருப்பாங்க. இவங்க யானை மாதிரி இருக்காங்க. அகதா கிறிஸ்டி எப்படி விட்டாங்க?

ப: யானைன்னு சொல்லாதீங்க, எனக்குக் கோவம் வரும். ஆனா கேள்வி நியாயம். 1961ல இருந்து 64க்குள்ள நாலு படம், டைரக்டர் ஜார்ஜ் பொல்லாக். அதுல முதல் படம்தான் மார்பிள் கதை, நடுவுல ரெண்டும் கிறிஸ்டியோட இன்னொரு துப்பறிவாளர் பாய்ரோ வர்ற கதையை எடுத்து மார்பிளுக்கு மாத்தினது, நாலாவதுக்கு புத்தகமே கிடையாது, அவங்களே கட்டின கதை. இதுல கிறிஸ்டிக்கு சுத்தமா இஷ்டமில்ல. ஆனா கோவம் படத்து மேலதான், ஆள் மேல இல்ல. 1962ல வந்த மார்பிள் நாவல் ஒண்ணை மார்கரெட்டுக்கே சமர்ப்பணம் பண்ணியிருக்காங்க. எழுபது வயசுப் பாட்டி ட்விஸ்ட் டான்ஸ் ஆடுது, கப்பல்ல வாள் சண்டை போடுது, புத்தகத்தை மறந்துட்டுப் பார்த்தா செம ஜாலி. போட்டிருக்கிற துணியெல்லாம் அவங்க சொந்த அலமாரியில இருந்து வந்தது.

முதல் படத்துல சமையல்காரியா வர்ற ஜோன் ஹிக்சனைக் கவனிங்க, பின்னாடி 1984ல இருந்து பிபிசியில மிஸ் மார்பிளா வந்து, புத்தகத்துக்கு ரொம்ப நெருக்கமான மார்பிள்னு பேர் வாங்கினது அவங்கதான்.

கே: கூடவே ஒரு லைப்ரரியன் தாத்தா பயந்து பயந்து சுத்துவாரே, யார் அவர்?

ப: வீட்டுக்காரர்! ஸ்ட்ரிங்கர் டேவிஸ். படத்துலயும் மிஸ்டர் ஸ்ட்ரிங்கர்தான் பேர். புத்தகத்துல அப்படி ஒரு ஆளே கிடையாது. 1930ல ஆக்ஸ்ஃபோர்டுல நாடகம் போடுறப்ப பழக்கம், ஆனா அவர் அம்மாவுக்கு இவங்களைப் பிடிக்கல, அந்தம்மா போற வரைக்கும் பதினஞ்சு வருஷம் காத்திருந்து 1945ல கட்டிக்கிட்டாங்க, பொண்ணுக்கு 52. மாமியார் பிரச்சினை நம்ம ஊரு சொத்துன்னு யாருங்க சொன்னது. அதுக்கப்புறம் இவங்க படம்னா ஒரு ஓரத்துல பெரும்பாலும் அவரும் இருப்பார், தேடிப் பாருங்க.

கே: ஆஸ்கர் எதுக்கு கிடைச்சது?

ப: 1963ல வந்த தி வி.ஐ.பி.ஸ். பனிமூட்டத்துல லண்டன் ஏர்போர்ட்ல மாட்டிக்கிறவங்க கதை. எலிசபெத் டெய்லர், ரிச்சர்ட் பர்ட்டன்னு பெரிய ஸ்டாருங்க இருக்கிற படத்துல, பணமில்லாத வயசான சீமாட்டியா வந்து விமானப் பயத்துக்கு மாத்திரை முழுங்கிக்கிட்டே எல்லாரையும் தூக்கி சாப்பிட்டாங்க. துணை நடிகை விருது, விழாவுக்கு நேர்ல போகல. 1967ல டேம் பட்டம், பிரிட்டன்ல ஆம்பளைக்கு சர் பட்டம் மாதிரி பொம்பளைக்கு.

கே: கடைசி காலம் எப்படி?

ப: ஞாபக மறதி நோய். 1966ல ஒரு நாடகத்துல பாதியில விலக வேண்டியதாச்சு. வீட்டுலயே ஸ்ட்ரிங்கர்தான் கூட இருந்து பார்த்துக்கிட்டார். 1972 மே 22ல போயிட்டாங்க, வயசு 80. அடுத்த வருஷமே அவரும் போயிட்டார்.

கே: முதல்ல எந்தப் படம் பார்க்கட்டும் அக்கா? ஒண்ணே ஒண்ணு சொல்லுங்க.

ப: எல்லாரும் மார்பிள்னு சொல்வாங்க, நான் 1950ல வந்த தி ஹேப்பியஸ்ட் டேஸ் ஆஃப் யுவர் லைஃப்னு சொல்வேன். அரசாங்க ஆபீஸ் குளறுபடியில பொண்ணுங்க ஸ்கூலை பசங்க ஸ்கூல் கட்டடத்துலயே கொண்டுவந்து இறக்கிருவாங்க. அலஸ்டெர் சிம் பசங்க ஹெட்மாஸ்டர், இவங்க ஹெட்மிஸ்ட்ரஸ். ரெண்டு பேரும் எதிரெதிர்ல நிக்கிற சீன்ல யார் மூஞ்சியைப் பார்க்கிறதுன்னு தெரியாம முழிப்பீங்க, அதனால ரெண்டு தடவை பாருங்க.