87, 96, 100 நிமிடம்: எது முழுப் படம்?

கேள்வி: 1971-ல் வந்த 'டாட்டர்ஸ் ஆஃப் டார்க்னஸ்' என்ற பெல்ஜிய ரத்தக்காட்டேரிப் படத்தை வாங்க ஆசை. பழைய டிவிடி விற்கும் ஒருவர் 87 நிமிடம் என்கிறார், இன்னொருவர் 96. புது டிஸ்க்கில் 100 என்று இருக்கிறது. மூவருமே 'அன்கட்', அதாவது வெட்டாதது, என்றுதான் சொல்கிறார்கள். அமெரிக்க டிஸ்க் இங்கே ஓடுமா?
- வாசகர், பாரிஸ்

பதில்: 87 நிமிடப் பிரதியை வாங்காதீர்கள். அமெரிக்கத் தியேட்டர்களுக்காகப் பத்து நிமிடத்துக்கு மேல் வெட்டிய பதிப்பு அது.

96-ஐக் கண்டு பயப்பட வேண்டாம். ஃபிலிம் நொடிக்கு 24 பிரேம் ஓடுகிறது. ஐரோப்பாவின் 'பால்' (PAL) என்ற டிவி முறைக்கான டிவிடியில் அதையே 25 ஆக ஓட்டுவார்கள். அதனால் 100 நிமிடப் படம் 96-லேயே முடிந்துவிடும். காட்சி எதுவும் குறையாது, குரல்தான் கொஞ்சம் சுருதி கூடிக் கேட்கும். இது தெரியாமல் நல்ல டிவிடி ஒன்றை நானே திருப்பி அனுப்பியிருக்கிறேன்.

ஆனாலும் புது டிஸ்க்கையே வாங்குங்கள் என்பேன். ப்ளூ அண்டர்கிரவுண்ட் என்ற அமெரிக்க நிறுவனம் 2020-ல் மூல நெகட்டிவிலிருந்து 4கே தரத்தில் வெளியிட்டது அது. சீசன் முடிந்து வெறிச்சோடிய பெல்ஜியத்தின் ஆஸ்டெண்ட் கடற்கரை ஹோட்டல், அங்கே வந்து இறங்கும் தேனிலவுத் தம்பதி, வெள்ளியாய் மின்னும் உடையில் நடிகை டெல்ஃபின் செய்ரிக்: படத்தின் காமம் உடம்பைவிட இந்த நிறங்களில்தான் இருக்கிறது. காட்சிகள் கறுப்பில் கரையாமல் சிவப்பில் கரைவதைப் பழைய வீடியோ பிரதியில் பார்த்தால் வெறும் கலங்கல்தான்.

4கே டிஸ்க்குக்கு மண்டலப் பூட்டு (ஒரு பகுதியில் விற்ற டிஸ்க் வேறு பகுதி ப்ளேயரில் ஓடாதபடி வைக்கும் தடை) கிடையாது, பாரிஸிலும் ஓடும். ஆனால் 4கே ப்ளேயர் வேண்டும். சாதாரண ப்ளூரே என்றால் மண்டலம் உண்டு: அமெரிக்கா ஏ, ஐரோப்பா பி, இந்தியாவும் இலங்கையும் சி. அட்டையின் பின்புறம் பார்த்துவிட்டுப் பணம் கட்டுங்கள்.

அப்புறம், அந்தக் காலத்து ஸ்பானியப் படங்களையும் தேடுவீர்களானால் நிமிடக் கணக்கை மட்டும் நம்பாதீர்கள். ஸ்பெயினின் சர்வாதிகாரி ஃபிராங்கோ ஆட்சியின் தணிக்கைக்குப் பயந்து ஒரே காட்சியை உள்நாட்டுக்கு உடையோடும் வெளிநாட்டுக்கு உடையில்லாமலும் இருமுறை எடுத்த படங்கள் உண்டு. நேரம் ஒன்றாகவே இருக்கும், படம் வேறாக இருக்கும். விற்பவரிடம் எந்த நாட்டுப் பதிப்பு என்று கேளுங்கள். பதில் சொல்லத் தெரியாதவரிடம் வாங்க வேண்டாம்.